கல் கோடாலியும் பீரோ மேல் பெட்டியும்

நைனா,

இன்று காலையில் பீரோ மேலிருந்த உன் அட்டைப்பெட்டியை இறக்கினேன். மூடியைத் திறந்ததும் புதுத் தோல் வாசனை குப்பென்று முகத்தில் அடித்தது. உள்ளே எல்லாம் நீ வைத்தபடியேதான் இருக்கிறது. சேஃப்டி ஷூ, அதற்குள் அடைத்து வந்த காகிதத்தைக்கூட எடுக்காமல். முழங்கை வரைக்கும் வரும் தோல் கையுறை. எல்லாவற்றுக்கும் மேலே முகத்துக்குப் போடும் ஷீல்டு. அதன் மேல் ஒட்டி வரும் மெல்லிய பிளாஸ்டிக் தாளைக்கூட நீ உரிக்கவில்லை. அந்தத் தாளின் நடுவில் ஆயுத பூஜைக்கு நீ வைத்த குங்குமப் பொட்டு காய்ந்து ஒட்டிக் கிடக்கிறது.

எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. நீ போய் மழை முடிந்து வெயிலே வந்துவிட்டது. வீட்டுக்கு வருகிறவர்கள் எல்லாம் என் தலையைத் தடவி, அழுதுவிடும்மா, மனசு லேசாகும் என்கிறார்கள். லேசாக வேண்டாம் எனக்கு. உன்னை உட்கார வைத்து நாக்கைப் பிடுங்கிக்கொள்வது போல நாலு கேள்வி கேட்க வேண்டும். ஆள் இல்லாததால் எழுதுகிறேன். நல்ல வார்த்தை எதையும் எதிர்பார்க்காதே.

அந்த விளையாட்டை உன் போனில் ஏற்றிக் கொடுத்தது நான்தான். ஞாயிற்றுக்கிழமை ஆனால் டிவி முன்னால் உட்கார்ந்து, அதில் கத்துகிறவர்களோடு சேர்ந்து நீயும் கத்திக்கொண்டிருந்தாய். அந்த இரைச்சல் தாங்காமல் கொடுத்தேன். ஆளில்லாத ஒரு தீவு. கப்பல் உடைந்து கரை ஒதுங்கியவர்கள் நாம். மரம் வெட்டி, கல் பொறுக்கி, குடிசை போட்டு உயிரோடு இருக்க வேண்டும், அவ்வளவுதான் கதை. நான், நீ, என் கம்பெனியில் என்னோடு பேக்கிங் லைனில் நிற்கும் ரோஸி, மூன்று பேரும் ஒரு கூட்டம். ரோஸியும் உன்னைத் தன் அப்பா போல நைனா என்றே கூப்பிட ஆரம்பித்துவிட்டாள். விளையாட்டில் என்ன பேர் வைப்பது என்று கேட்டேன். கொஞ்சம்கூட யோசிக்காமல் நம் ஊர்ப் பேரைச் சேர்த்து, "ஆரம்பாக்கம் சிங்கம்னு போடு" என்றாய்.

முதல் நாளே இரும்பு உருக்கும் அடுப்பு கட்டினோம். அடுப்புக்குள் மண்ணையும் கரியையும் போட்டால் கொஞ்ச நேரத்தில் இரும்புக் கட்டி வந்து விழும். அதைப் பார்த்து நீ விழுந்து விழுந்து சிரித்தாய்.

"இன்னாமா இது, ரொட்டி சுடற மாதிரி இரும்பு வருது!"

நீ வேலைக்குப் போவதும் இரும்பு உருக்கும் கம்பெனிக்குத்தானே, அம்மா சமையலறையிலிருந்து கத்தினாள். "அங்கதான் நாள் பூரா பர்னஸாண்ட வேவுற. ஊட்டுக்கு வந்தும் பர்னஸா? நாஷ்டா ஆறிப்போவுது, வந்து துன்னு."

"இங்க சூடு இல்லமே. மேல ஃபேன் ஓடிக்கினு கீது பாரு" என்றாய் நீ.

மரமும் கல்லும் எங்கே பார்த்தாலும் கிடைக்கும். ஆனால் அந்த விளையாட்டில் பெரிய ஆளாக வேண்டும் என்றால் மேல்படிப் பொருட்கள் வேண்டும். ஸ்டீல் வேண்டும். மலையுச்சியில் விழுந்து நொறுங்கிக் கிடக்கும் விமானத்திலிருந்து கார்பன் நார் பிரித்து எடுக்க வேண்டும். எல்லாவற்றையும் விட அருமையானது டைட்டானியம். அது விஷப்புகைப் பள்ளத்தாக்கில்தான் இருக்கும். மூச்சுக்கவசம் போட்டுக்கொண்டு இறங்கி, கவசத்தின் பில்டர் தீர்வதற்குள் பாறையை உடைத்து எடுத்துக்கொண்டு ஓடி வந்துவிட வேண்டும். எனக்கும் ரோஸிக்கும் அந்த அளவு பொறுமை கிடையாது. உனக்கு இருந்தது. டீ ஆறிப்போவது தெரியாமல், கட்டை விரலால் தட்டித் தட்டி ஒரே பாறையை உடைத்துக்கொண்டிருப்பாய். கிடைத்ததை எல்லாம் குடிசையின் பின்கட்டில் இருந்த பெட்டியில் அடுக்குவாய். ஸ்டீல் ஒரு பக்கம், டைட்டானியம் ஒரு பக்கம், கார்பன் நார் ஒரு பக்கம். அம்மாவின் மளிகை டப்பாக்கள்கூட அவ்வளவு ஒழுங்காக இருக்காது.

அடுக்கினாய். ஆனால் எடுத்தாயா? அதுதான் இல்லை. ஸ்டீல் கோடாலி செய்து வைத்துவிட்டுக் கல் கோடாலியைத் தூக்கிக்கொண்டு காட்டுக்குப் போவாய். டைட்டானியத்தில் முழு உடுப்பு செய்கிற அளவுக்குப் பொருள் சேர்ந்த பிறகும் தழையைக் கட்டிக்கொண்டு திரிந்தாய். கேட்டால் ஒரே பதில். "இருக்கட்டும்மா. அப்பறம் ஆவும்."

அந்த ஞாயிற்றுக்கிழமை உனக்கு ஞாபகம் இருக்கும். கறிக்குழம்பு சாப்பிட்டுவிட்டு மூன்று பேரும் உட்கார்ந்தோம், ரோஸி அவள் வீட்டிலிருந்து. ஓநாய்க் கூட்டம் நம் குடிசைக்குள் புகுந்துவிட்டது. நானும் ரோஸியும் தூரத்தில் இருந்தோம், நீ மட்டும்தான் வீட்டில். உன் கல் கோடாலி இரண்டு வீச்சில் உடைந்தது. ரோஸி போனுக்குள்ளிருந்து அலறினாள்.

"நைனா, பெட்டியத் தொறந்து ஸ்டீல் கோடாலிய எடு நைனா!"

"அத்த எடுத்து அதுவும் ஒடஞ்சிடுச்சின்னா?"

"ஒடஞ்சா வேற செஞ்சிக்கலாம் நைனா! எடு!"

"இருமா, கையாலயே ஒரு கை பாக்கறேன்."

ஓநாயைக் கையால் குத்திக்கொண்டு நின்றாய். செத்துப்போனாய். அடுத்த நிமிடம் கடற்கரையில் வெறும் ஜட்டியோடு எழுந்து நின்றது ஆரம்பாக்கம் சிங்கம். நாங்கள் சிரித்த சிரிப்பில் அம்மா கரண்டியோடு ஓடி வந்துவிட்டாள். நீயும் சிரித்தாய். பிறகு ரொம்ப சாதாரணமாகச் சொன்னாய்:

"செத்தா இன்னாமா, கரையில எய்ந்து நிக்கப் போறேன். பொருளு போச்சின்னா வருமா?"

விளையாட்டில் அது சரிதான். செத்தால் கையில் இருப்பது போய்விடும், பெட்டியில் இருப்பது பத்திரமாக இருக்கும். ஆனால் நைனா, அதே கணக்கை நீ உன் கம்பெனிக்கும் எடுத்துக்கொண்டு போய்க்கொண்டிருந்தாய் என்று எனக்கு யாராவது சொன்னார்களா? நீ சொன்னாயா? உனக்கு அங்கே எந்தக் கரை இருக்கிறது எழுந்து நிற்க?

அன்றைக்குக் காலையிலிருந்து மழை. சிப்காட் முழுக்கத் தண்ணீர் தேங்கி நின்றது. உருக்குகிற பழைய இரும்பை எல்லாம் உங்கள் கம்பெனியில் கூரை இல்லாத இடத்தில்தான் மலையாகக் கொட்டி வைத்திருப்பார்கள். ஈரமான இரும்பு உருகிய இரும்புக்குள் விழுந்தால் வெடித்துத் தெறிக்கும் என்று அங்கே வாசல் பெருக்குகிற ஆயாவுக்குக்கூடத் தெரியும். ஆனாலும் பர்னஸ் நிற்கக் கூடாதாம், போடு என்று சொல்லியிருக்கிறார்கள். போட்டிருக்கிறார்கள். நீ பக்கத்தில் நின்றிருக்கிறாய். தலையில் உன் பழைய ஷீல்டு. விரிசல் விட்டு டேப் ஒட்டிய ஷீல்டு. கீறல் விழுந்து விழுந்து அது வழியாக எதுவும் தெரியாமல் போனதால், உள்ளே பார்ப்பதற்காக அதை நெற்றிக்கு மேலே தூக்கி விட்டிருக்கிறாய். சரியாக அந்த நேரத்தில்தான் வெடித்தது.

சென்னையில் பெரிய ஆஸ்பத்திரியில் டாக்டர் சொன்னார், முகத்தில் நல்ல ஷீல்டு இருந்திருந்தால் இவ்வளவு ஆகியிருக்காது என்று. அவர் சொல்லும்போது எனக்கு பீரோ மேல் இருக்கும் பெட்டிதான் கண்ணுக்குள் வந்தது. தெளிவாகத் தெரிகிற புது ஷீல்டு. தூக்கவே தேவையில்லாத ஷீல்டு. நீ படுக்கையில் கிடக்கிறாய், நான் உன்னைத் திட்டிக்கொண்டு நிற்கிறேன், மனதுக்குள். ஒரு மகள் செய்கிற காரியமா அது? செய்தேன். இப்போதும் செய்வேன்.

உன் காரியம் முடிந்ததும் கம்பெனியில் என்னையும் அம்மாவையும் கூப்பிட்டார்கள். ஏசி அறையில் உட்கார வைத்து, டீ கொடுத்து, எச்.ஆர். சார் மெதுவாக ஆரம்பித்தார்.

"உங்க அப்பாவுக்கு எல்லாமே குடுத்திருக்கோம்மா. ஷூ, கிளவுஸ், ஷீல்டு எல்லாம் புதுசு. அவர்தான் போடலை. அவரோட கவனக்குறைவுக்குக் கம்பெனி என்ன செய்ய முடியும், சொல்லுங்க?"

அம்மா தலையைக் குனிந்துகொண்டாள். பெட்டி வீட்டில்தானே இருக்கிறது! அந்தக் கவனக்குறைவு என்கிற வார்த்தை எங்களுக்கு முன்னால் தெருவுக்கு வந்து சேர்ந்துவிட்டது. தண்ணீர் பிடிக்கப் போன இடத்தில் ஒருத்தி அம்மாவின் முகத்துக்கு நேராகவே சொன்னாள், "குடுத்தத ஒயுங்கா போட்டுக்கினு இருந்தா பொயச்சிருப்பாரு." அம்மா குடத்தை அங்கேயே வைத்துவிட்டு வந்துவிட்டாள். இத்தனை வருடம் வெந்து, கடைசியில் உனக்குக் கிடைத்த பேர் அதுதான். அன்று உன் போட்டோ முன்னால் நின்று கத்தினேன். "நீயும் உன் இருக்கட்டும்மாவும்!" என்று கத்தினேன். விளையாட்டைத் திறக்கவே இல்லை.

தேவராஜ் மாமா வந்தார். உன்னோடு அதே பர்னஸில் நின்றவர், உன்னை விட்டால் அவருக்கு டீ குடிக்க ஆள் கிடையாது. பாவம், அவர் மேல் பாய்ந்தேன்.

"எங்க நைனாவுக்குத்தான் புத்தி இல்ல. கூடவே நின்னியே மாமா, நீயாவது சொல்லக் கூடாதா?"

அவர் எழுந்து செருப்பை மாட்டிக்கொண்டார். பிறகு, "ஊட்டாண்ட வா, ஒண்ணு காட்டறேன்" என்றார்.

போனேன். அவர் வீட்டு பீரோ மேலே அதே அட்டைப்பெட்டி. திறந்தால் அதே வாசனை. அதே தாள் உரிக்காத ஷீல்டு. குங்குமத்துக்குப் பதிலாக ஒரு சின்ன சிலுவைப் படம் ஒட்டியிருந்தது, அவ்வளவுதான் வித்தியாசம்.

"ஒடஞ்சா அடுத்தது தர மாட்டான்மா காண்ட்ராக்டரு. பத்திரமா வெச்சிக்கத் தெரியாதவனுக்கு வேலை இன்னாத்துக்குன்னு கேப்பான். ஷீல்டு இல்லாம கம்பெனி கேட்டாண்ட போய் நின்னா திருப்பி அனுப்பிடுவான். அதான் பழச ஒட்டி ஒட்டிப் போட்டுக்கினு ஓட்றோம். புதுசு ஊட்ல கீதுன்னா ஒரு தைரியம். உங்க நைனா மட்டும் இல்ல. எல்லார் ஊட்லயும் ஒரு பெட்டி கீது."

அட நைனா! இதை ஒரு நாளாவது வாயைத் திறந்து என்னிடம் சொல்லியிருக்கக் கூடாதா? ஓநாய்க்கும் டைட்டானியத்துக்கும் அவ்வளவு பேசினாயே. உன் மேல் இருந்த கோபம் குறையவில்லை. ஆனால் அதை விடப் பெரிய கோபம் ஒன்று வந்து அதன் மேல் உட்கார்ந்துகொண்டது. நீ விளையாட்டில் வைத்திருந்த கணக்கு உன்னுடையதே இல்லை. அந்தக் காண்ட்ராக்டர் சொல்லிக் கொடுத்த கணக்கு. ஆள் செத்தால் அவனுக்கு என்ன, கேட்டில் இன்னொரு ஆள் வந்து எழுந்து நிற்பான். பொருள் போனால்தான் அவனுக்கு வலிக்கும்.

கம்பெனியில் விசாரணைக்கு அரசாங்க அதிகாரி வருகிறார் என்று தெரிந்தது. அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை நானும் ரோஸியும் கிளம்பினோம். தீவில் பொருள் சேர்ப்பது போல வீடு வீடாக ஏறி இறங்கினோம். பெட்டியைக் கொடுங்கள், காட்டிவிட்டுத் திருப்பித் தருகிறோம் என்று கேட்டோம். பாதிப் பேர் கதவைச் சாத்தினார்கள். "எங்க ஊட்டுக்காரருக்கு வேலை பூட்ச்சின்னா நீயா வந்து சோறு போடுவ?" என்று ஒரு அக்கா கேட்டார். அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பெரியபாளையம் அம்மனைக் கும்பிட்டுவிட்டு அப்போதுதான் வந்து வாசலில் நின்றிருந்தார் இன்னொரு அக்கா. உள்ளே போனார், சாமி மாடத்துக்குக் கீழே இருந்த பெட்டியை எடுத்தார், என் கையில் வைத்தார். ரோஸியின் அண்ணன் ஆட்டோ நிறைகிற அளவுக்குச் சேர்ந்துவிட்டது.

விசாரணையில் எச்.ஆர். சார் அதே பாட்டைப் பாடினார். கொடுத்தோம், போடவில்லை, கவனக்குறைவு. நான் எழுந்து, ரோஸியும் தேவராஜ் மாமாவும் தூக்கிக் கொடுக்கக் கொடுக்க, பெட்டிகளை ஒவ்வொன்றாக அந்த நீள மேஜை மேல் வைத்துத் திறந்தேன். ஏசி அறை முழுக்க உன் புதுத் தோல் வாசனை. எந்த ஷீல்டிலும் தாள் உரிக்கப்படவில்லை. சிலதில் குங்குமம், சிலதில் சந்தனம், சிலதில் சிலுவை. அதிகாரி ஒவ்வொன்றாகக் கையில் எடுத்துப் பார்த்தார். பிறகு காண்ட்ராக்டரிடம் திரும்பினார்.

"இத்தனை பேருக்கும் ஒரே மாதிரி கவனக்குறைவா?"

"அது வந்து சார்... அவங்க பழக்கமே அப்படி சார்."

எனக்கு வந்ததே ஆத்திரம்! "இன்னாங்க பழக்கம்? ஒடஞ்சா வேற தர மாட்டேன்னு சொன்னது யாரு? நனைஞ்ச இரும்ப உள்ள தள்ளுன்னு சொன்னது யாரு? கூரை போடாத எடம் யாருது? அதுவும் எங்க நைனா பழக்கமா?"

என்னை உட்காரச் சொன்னார்கள். நான் உட்காரவில்லை. அப்போது அம்மா பேசினாள் நைனா. ரேஷன் கடையில்கூடக் குரல் உயர்த்தாத அம்மா, புடவைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்று சொன்னாள்:

"எங்க ஊட்டுக்காரரு ஒண்ணும் தெரியாதவரு இல்ல சார். அவரு மேல தப்பு போடாதீங்க."

விசாரணை இன்னும் முடியவில்லை. கூப்பிடுகிறார்கள், போகிறோம், வருகிறோம். ஆனால் அந்தக் கவனக்குறைவு என்கிற வார்த்தை அன்றைக்கு அப்புறம் அவர்கள் வாயிலிருந்து வரவில்லை. தண்ணீர் பிடிக்கும் இடத்திலும் இல்லை. கேட்டில் ஒரு டிரம் வைத்துப் பழைய ஷீல்டுகளை எல்லாம் போடச் சொன்னார்கள், உடைந்தால் புதுசு தருவோம் என்றார்கள். ஒரு டிரம் வைக்கிற வேலை! அதற்கு நீ போக வேண்டியிருந்தது. தேவராஜ் மாமாவைப் பர்னஸிலிருந்து எடுத்து வெயிலில் இரும்பு பொறுக்கப் போட்டுவிட்டார்கள். கொஞ்ச நாளில் டிரம்மையும் காணோம் என்று அவர்தான் சொன்னார்.

போன ஞாயிறு விளையாட்டைத் திறந்தேன். கவனிக்க ஆள் இல்லாமல் குடிசையின் கூரை பாதி உளுத்துப்போயிருந்தது. பின்கட்டில் உன் பெட்டி அப்படியே இருந்தது. ரோஸியைக் கூப்பிட்டேன். இருந்த டைட்டானியம், ஸ்டீல், கார்பன் நார் எல்லாவற்றையும் வாரி எடுத்தோம். ஆளுக்கு ஒரு முழு உடுப்பும் கோடாலியும் செய்தோம். ஓநாய்க் குகைக்குள்ளேயே இறங்கினோம். கோடாலி தேயத் தேய, உடுப்பு கிழியக் கிழிய, "ஒடையட்டும், ஒடையட்டும்" என்று கத்திக்கொண்டே அடித்தேன். பெட்டி காலியானது. ரோஸி அழுதாள். நான் போனை வைத்துவிட்டுச் சாப்பிடப் போனேன்.

இன்று காலையில் பீரோவிலிருந்து பெட்டியை இறக்கும்போது அம்மா கையைப் பிடித்தாள்.

"இருக்கட்டுமேமா. அவரு ஞாபகமா."

"இருக்கட்டும் இருக்கட்டும்னுதான் ஆளே போயிட்டாரு! வுடு."

உன் இடத்துக்கு ஒடிசாவிலிருந்து ஒருவன் வந்திருக்கிறான். யாரோ விட்டுவிட்டுப் போன டேப் ஒட்டிய ஷீல்டைத்தான் அவன் போடுகிறான் என்று தேவராஜ் மாமா சொல்லியிருந்தார். மதிய ஷிப்டுக்கு முன்னால் கேட்டுக்கு எதிரே டீக்கடையில் அவனைப் பிடித்தேன். பெட்டியைக் கொடுத்தேன். கும்பிட்டான், ஷீல்டை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டான், "நன்றி தீதி" என்றான். அக்கா என்று அர்த்தமாம். அப்புறம் என்ன செய்தான் தெரியுமா? தன் பையைத் திறந்து, புது ஷீல்டைச் சாப்பாட்டு டப்பாவுக்கு அடியில் பத்திரமாக வைத்துவிட்டு, பழையதை எடுத்துத் தலையில் மாட்டினான்.

"யோவ், எட்றா வெளிய!" என்று கத்தினேன். டீக்கடையில் இருந்தவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். அவனுக்கு என் தமிழ் முழுக்கப் புரிந்ததோ என்னவோ, என் முகம் புரிந்துவிட்டது. எடுத்தான். நானே பிடுங்கி, நீ உரிக்காத தாளை ஓரத்தில் நகத்தால் கிளப்பி, சர்ரென்று உரித்தேன். அவன் தலையில் மாட்டினேன். "ஒடஞ்சா எங்க ஊட்டாண்ட வா. நான் கேட்டு வாங்கித் தரேன்." அவன் ஷீல்டு வழியாக என்னைப் பார்த்தான், கடையைப் பார்த்தான், கேட்டைப் பார்த்தான். "எல்லாம் நல்லா தெரியுது தீதி" என்று தெரிந்த கொஞ்சம் தமிழில் சொல்லிச் சிரித்தான். சங்கு ஊதியது. உள்ளே போனான். கண்ணில் படுகிற வரைக்கும் நின்று பார்த்தேன், அவன் அதைத் தூக்கவில்லை.

என் கையில் தாள் மட்டும் இருந்தது, நடுவில் உன் குங்குமத்தோடு. எதற்கு இந்தக் குப்பை என்று கடையின் டிரம் வரைக்கும் கொண்டு போனேன். போடக் கை வரவில்லை. நாலாக மடித்து என் போன் உறைக்குள் வைத்துக்கொண்டேன். உன்னை அவ்வளவு திட்டிவிட்டு இதைச் செய்கிறேன் பார். இது எதற்கும் உதவாது, எனக்குத் தெரியும்.

இருக்கட்டும்.